பனியைப் பெருக்கியவள்

முற்றத்துப் பனியில் யாரோ பல்வைத்த வைக்கோல் வாரியை இழுத்துப்போன கோடுகள் கிடந்தன. பக்கத்தில் ஒரு காலடிகூட இல்லை. பால் வாளியோடு வெளியே வந்த தோர்தீஸ் அப்படியே நின்றுவிட்டாள். கீழ்ப்பண்ணையிலிருந்து வேலியைத் தாண்டி ஏறிவந்த கோடுகள் மாட்டுத்தொழுவத்தை ஒரு சுற்றுச் சுற்றி, அவள் வாசலுக்குப் பத்தடி முன்னால் நின்றிருந்தன.

கீழ்ப்பண்ணையில் ஒன்பது பேர். நேற்றிலிருந்து அங்கே அடுப்புப் புகை எழவில்லை.

உள்ளே அவளுடைய அண்ணன் ஹால்வர் படுத்திருந்தான். அக்குளில் முட்டையளவு கட்டி. விஷயத்தைச் சொன்னதும், "வாரியா, விளக்குமாறா?" என்று கேட்டான்.

"வாரிதான்."

"அப்போ கொள்ளைநோய்க் கிழவி உன்மேல இரக்கப்பட்டிருக்கா. அவ வாரியோட வந்தா பல்லு இடுக்குல சில பேர் தப்பிச்சிடுவாங்களாம். விளக்குமாறத் தூக்குனாத்தான் ஒருத்தரும் மிஞ்ச மாட்டாங்க."

"வாயக் கழுவுண்ணே. மிஞ்சுனா ரெண்டு பேருமா மிஞ்சுவோம்."

நடுப்பகலில், குளிர்காலச் சூரியன் மலைமுகட்டைத் தொட்டுவிட்டுச் சரியத் தொடங்கிய நேரத்தில், ஓட்ஸ் கஞ்சியைக் கிண்டிக்கொண்டிருந்தவளின் காதில், பனியின்மேல் ஏதோ மெத்தென்று உரசும் ஓசை, நின்று நின்று, ஒரே சீராக, தொழுவத்துப் பக்கமிருந்து வாசலை நோக்கி வந்தது. தோண்டிய மண்ணின் ஈரவாடை கதவிடுக்கு வழியாக நுழைந்தது. நாய் மேசைக்கடியில் ஒண்டிக்கொண்டது. குரைக்கவில்லை.

சர்ர்.

கதவடியில் ஒரு நிழல். இடமாகப் போனது. வலமாக வந்தது.

சர்ர்.

வாரி இல்லை. விளக்குமாறு.

"திறக்காத," என்றான் ஹால்வர்.

"திறக்கலன்னா போயிடுவாளா?"

தாழ்க்கட்டையை அவளே எடுத்தாள்.

சிவப்புப் பாவாடை கட்டிய கூன்கிழவி, தலை நிமிராமல் வாசலைப் பெருக்கிக்கொண்டிருந்தாள். "ஒதுங்கும்மா. உள்ளயும் பெருக்கணும்," என்றாள். நாளெல்லாம் வேலை செய்து அலுத்த குரல்.

தோர்தீஸ் நகரவில்லை.

"இது என் வீடு. இங்க பெருக்குறது நான்தான்."

விளக்குமாற்றைப் பிடித்து இழுத்தாள். உள்ளங்கைத் தோல் குளிரில் ஒட்டிப் பிய்ந்தது. விடவில்லை. பிடுங்கி அடுப்பில் எறிந்தாள்.

குச்சி எரியும் வாசம் வரவில்லை. பொசுங்கும் நாற்றம். நெருப்பில் சுருண்டது அத்தனையும் முடி. பொன்னிறம், நரை, கைக்குழந்தையின் பூமுடி. நடுவில் செக்கச் சிவந்த ஒரு கொத்து. அந்தப் பள்ளத்தாக்கிலேயே கீழ்ப்பண்ணைப் பெண் இங்கெரிதுக்கு மட்டும்தான் அந்த நிறம்.

கிழவி கோபப்படவில்லை. வாசற்படி தாண்டி உள்ளே வந்து ஹால்வரின் தலைமுடியை நோக்கி விரலை நீட்டினாள்.

தோர்தீஸ் குறுக்கே பாய்ந்தாள். சுவரிலிருந்த ஆட்டுக் கம்பளி வெட்டும் கத்தரியை உருவி, அண்ணன் தலைமுடியை ஒட்ட வெட்டினாள். பிறகு தன் பின்னலை. பிறகு மிச்சத்தை. எல்லாவற்றையும் அடுப்பில் கொட்டினாள்.

"ஒத்த முடி கெடைக்காது உனக்கு."

கடைசி இழை கருகும்வரை கிழவி பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு முக்காலியை இழுத்துப்போட்டு அடுப்போரம் உட்கார்ந்தாள். கைகளை மடியில் வைத்துக்கொண்டாள்.

"அதனாலென்ன," என்றாள். "வளரும். நான் இருக்கேன்."

கட்டிலுக்கும் அவளுக்கும் நடுவே தோர்தீஸ் சம்மணமிட்டாள். கத்தரியை விரித்துப் பிடித்தாள்.