வரிசைக் கல்

திண்டிவனத்தில் எங்கள் தெருவை வளைத்து வாங்கிய சீனுவாசன், ஒரு சாயங்காலம் ஜேசிபியோடு வந்து இறங்கினான். விற்றவர்கள் சென்னைக்கும் வளவனூருக்கும் போய்விட்டார்கள். விற்க மறுத்தவர்கள் ஒவ்வொருவராகச் செத்துப்போனார்கள். வீடுகளெல்லாம் தரைமட்டம். மிச்சம் என் வீடும் எதிரே தெருக்குழாயும்தான்.

அந்தக் குழாய்க்காக எங்கள் ஜனம் ரோட்டை மறித்து உட்கார்ந்து அடி வாங்கியது. தண்ணீர் பிடிக்க ஆளுக்கொரு கல்லை வரிசையில் வைத்துவிட்டுக் கூலி வேலைக்குப் போவோம். அடுத்தவர் கல்லைத் தொட மாட்டோம். தொட்டால் சவுரியம்மாள் ஏழு தலைமுறையையும் இழுத்துத் திட்டுவாள். அவள் கல்லில் சுண்ணாம்பால் சிலுவை போட்டிருக்கும். மகராசி, அவளும் விற்காமலேதான் செத்தாள்.

குழாயில் சொட்டுத் தண்ணீர் வந்து மாதக்கணக்காகிறது. ஆனால் கொஞ்ச நாளாகக் கற்கள் மறுபடி வரிசையில் நிற்கின்றன. சத்தியமாக நான் வைக்கவில்லை.

முதல் கல்லில் சிலுவை.

"கொழாயப் புடுங்கிட்டா ஜல்தியா கையெழுத்துப் போட்டுடுவ இல்ல, ரோஜா?" என்றான் சீனுவாசன்.

"செத்தாலும் போட மாட்டேன். வந்த வழியப் பாத்துப் போய்க்கினே இரு."

அவன் சிரித்துக்கொண்டே சிலுவைக் கல்லை எட்டி உதைத்தான்.

காற்று நின்றது. ப்ளீச்சிங் பவுடர் வாசனை குப்பென்று அடித்தது. முன்பு குழாய்த் தண்ணீரில் வருமே, அதே வாசனை.

எங்கோ குடம் உரசியது.

இன்னொன்று.

பிறகு தெரு முழுக்க.

ஜேசிபி ஓட்டி வந்த நடராசன் இன்ஜினை அணைத்தார். "சார், பொம்பளைங்க சத்தமா கேக்குது... யாரையும் காணோமே."

எனக்கு ஓடிவிடலாம் போலிருந்தது. எங்கே ஓடுவது, இது என் தெரு! உள்ளே போய் என் குடத்தை எடுத்துவந்து வரிசையின் கடைசியில் வைத்தேன்.

அப்போது சீனுவாசனின் பிடரிக்குப் பின்னால் அந்தக் குரல் கேட்டது.

"எவன்டா என் கல்ல நகத்துனது?"

இரண்டு பேரும் ஓட்டமாய் ஓடினார்கள். சீனுவாசனின் ஒற்றைச் செருப்பு ரோட்டோரம் கழன்று கிடந்தது.

விடிந்ததும் பார்த்தேன். சிலுவைக் கல் பழைய இடத்தில் இருந்தது. என் குடம் தளும்பிக்கொண்டிருந்தது. அதற்குப் பின்னால், குழாயைப் பார்த்தபடி, அந்தச் செருப்பு.

செருப்பை எடுத்துவரச் சொல்லி சீனுவாசன் அனுப்பியதாக நடராசன் வந்து நின்றார். அவனுக்கு ராத்திரியிலிருந்து காய்ச்சலாம், தண்ணீர் தண்ணீர் என்று அனத்துகிறானாம்.

"வரிசையில வெச்சத நான் தொட மாட்டேங்க. அவனையே வந்து எடுத்துக்கச் சொல்லுங்க."

அவர் அதைத் தொடத் துணியாமல் திரும்பிவிட்டார்.

மறுநாள் காலையில் அந்தச் செருப்பு இரண்டாவதாக நின்றது. சிலுவைக் கல்லுக்கு அடுத்து.