எதிர்வீட்டு ஒன்பதாவது நிமிடம்

ரூஜ் புறநகரில் எங்கள் எதிர்வீட்டுக்கு அன்ரனெற் குடிவந்து மூன்று மாதம். நெதர்லாந்தில் வளர்ந்தவள், தனி ஆள். ஜன்னலுக்குத் திரை போடுவதில்லை. அதனால் நான் பார்க்கிறேன் என்று யாரும் சொல்லக்கூடாது, தெரிகிறது.

நெதர்லாந்தில் அவளும் கூட்டாளிகளும் கைக்காசு போட்டு எடுத்த குறும்படங்களை எனக்குக் காட்டினாள். கமரா அசையாது. பாட்டில்லை, பேச்சில்லை. சாம்பல் வெளிச்சம் ஒரு சுவரில் ஏறி இறங்கும்.

“கதை எங்கை பிள்ளை?”

“வெளிச்சம்தான் அன்ரி கதை.”

நான் தேத்தண்ணியைக் குடித்தேன்.

இங்கேயும் அதே முறைதான். முன்னறையில் ஒரு வெறுங்கதிரை. கமராவை ஓடவிட்டு, வீட்டைப் பூட்டிக்கொண்டு வெளியே போய்விடுவாள். ஆள் நின்றால் அறை நடிக்கத் தொடங்கிவிடுமாம்.

போன செவ்வாய் மத்தியானம் வந்து லப்டொப்பைத் திருப்பினாள். ஒன்பதாவது நிமிடத்தில் கதிரையில் ஒரு பெண். முதுகுதான் தெரிந்தது.

“மற்றத் திறப்பு உங்களிட்டைத்தானே அன்ரி?”

அவள் ஊரில் இல்லாதபோது குழாய் உறையாமல் பார்க்கவென்று, என்னை நம்பித் தந்த வீட்டுத் திறப்பு.

“சத்தியமா நான் உள்ள வரேல்லை.”

“அப்ப உது ஆர்?”

இந்தத் தெருவில் என் பெயர் ஏற்கெனவே அவ்வளவு திறமில்லை. கள்ளி என்றும் ஆனால் கோயிலில் தலைகாட்ட முடியாது.

“இன்னொருக்கா எடு. நான் உனக்குப் பக்கத்திலை நிக்கிறன்.”

இரண்டு திறப்பும் அவள் பைக்குள். பனியில் நின்று ஜன்னலையே பார்த்தோம். என் கைகள் கோட்டுப் பைக்குள் விறைத்தன. பத்து நிமிடமும் கதிரை வெறுமையாகவே இருந்தது.

உள்ளே போனோம். ஈரத்துணி மணத்தது. படத்தைப் போட்டாள்.

எட்டு.

ஒன்பது.

அந்தப் பெண் கதிரையில் இருந்தாள்.

எழுந்து ஜன்னலடிக்குப் போனாள். கண்ணாடிக்கு அப்பால் நாங்கள் இருவரும் சின்னதாகத் தெரிந்தோம். அவள் கையசைத்தாள்.

படத்தில் நானும் கையை வெளியே எடுத்து, நெடுநாள் பழகியவளுக்குப்போலத் திருப்பி அசைத்தேன்.

“நான் கையை எடுக்கேல்லைப் பிள்ளை! நீ பக்கத்திலைதானே நிண்டனீ!”

“ஓம் அன்ரி,” அன்ரனெற் முணுமுணுத்தாள். “நீங்கள் எடுக்கேல்லை.”

சொல்லிவிட்டு என்னிடமிருந்து விலகி நின்றாள்.

மறுநாளே அன்ரனெற் வீட்டை விட்டுவிட்டு ரெக்ஸ்டேல் பக்கம் குடிபோய்விட்டாள். தெருவில் யாரும் என்னைக் கள்ளி என்று சொல்லவில்லை. அந்த வீட்டில் இருப்பவள் எனக்குத் தெரிந்தவளாம். அப்படித்தான் சொல்கிறார்கள். விசர்க்கதை.

நேற்றுக் காலை குசினியில் கோப்பை கழுவிவிட்டு நிமிர்ந்தேன்.

என் வலது கை எதிர்வீட்டை நோக்கி அசைந்துகொண்டிருந்தது.