காணாமல் போன ஒன்பது ஏக்கர்

வெள்ளிக்கிழமை காலை ஒன்பதரை மணிக்கு மருதையின் ஒன்பது ஏக்கரும் காணாமல் போயிருந்தன. கேணி, மோட்டார் கொட்டகை, நான்கு மாடுகள், ஒரு கன்றுக்குட்டி, அறுவடைக்கு நின்ற மக்காச்சோளம், எதுவும் மிச்சமில்லை.

திரையில் ஒரே ஒரு வரி. எந்த மொழி வேண்டும் என்று அது கேட்டது.

திருச்சி புத்தூரில் ரஞ்சனி நடத்தும் பிசியோதெரபி நிலையம் அது. மருங்காபுரிப் பக்கத்து மானாவாரி விவசாயி மருதைக்குத் தை மாதத்தில் பக்கவாதம் வந்து வலது கை மடங்கிப் போயிருந்தது. பந்தைப் பிசையச் சொன்னால் முகத்தைத் திருப்பிக்கொண்டவரிடம் ஒருநாள் ரஞ்சனி கேம் மெஷினின் கன்ட்ரோலரைக் கொடுத்து, விவசாய விளையாட்டு ஒன்றைப் போட்டுக் காட்டினார். டிராக்டர் ஓட்ட வேண்டுமானால் விரல் அசைந்தே ஆக வேண்டும். ஆறு மாதத்தில் மருதை திரைக்குள் ஒன்பது ஏக்கர் சேர்த்துவிட்டார். கூடவே மூன்று விரல்களுக்கு உயிர் வந்திருந்தது. "ஊர்ல ஒரு போகத்துக்கே மழை இல்ல, இங்க மூணு போகம் எடுக்கறேன்" என்று போகிறவர் வருகிறவரிடமெல்லாம் சொல்வார்.

இப்போது அவர் கன்ட்ரோலரை மேசையில் வைத்துவிட்டு எழுந்து மகனைக் கூப்பிட்டார்.

"சரவணா, பஸ்ஸுக்குப் போவோம். இனிமே வர வேணாம்."

"ஐயா, நான் மறுபடியும் முதல்லேருந்து போட்டுத் தரேன்" என்றார் ரஞ்சனி.

"முதல்லேருந்தா? எனக்கு வயசு அறுபத்தெட்டு டாக்டரம்மா."

அடுத்த கட்டிலில் தோளுக்கு ஒத்தடம் வாங்கிக்கொண்டிருந்த வள்ளிக்கண்ணு இதையெல்லாம் கேட்டார். ஸ்ரீரங்கம் காவல் நிலையத்து ஏட்டு அவர். சொர்க்கவாசல் கூட்டத்தில் சரிந்த இரும்புத் தடுப்பைத் தாங்கிய தோளின் வலி இன்னும் இறங்கவில்லை. தடுப்பைத் தள்ளியவன்மேல் வந்த கோபமும் இறங்கவில்லை. தினமும் ராஜகோபுரத்தைக் கும்பிட்டுவிட்டு, இன்றைக்காவது யாரையும் திட்டக் கூடாது என்று வேண்டிக்கொண்டுதான் வேலைக்குக் கிளம்புவார். பெருமாள் அந்த ஒரு வேண்டுதலை மட்டும் ஏனோ கிடப்பில் போட்டிருந்தார்.

"அவரு வராட்டி என்ன ஆகும்?" என்று ரஞ்சனியிடம் தணிந்த குரலில் கேட்டார்.

"வீட்டுல பயிற்சி பண்ண மாட்டார்க்கா. இப்ப விட்டா விரலெல்லாம் மடங்கினபடியே இறுகிடும். அப்புறம் நான் என்ன பண்ணாலும் நிமிராது."

வள்ளிக்கண்ணு ஒத்தடப் பையைத் தூக்கி எறிந்தார்.

"வாசக்கதவைச் சாத்துங்க. சரவணன், உங்க பஸ் எத்தனை மணிக்கு?"

"பன்னெண்டுக்கு ஒண்ணு இருக்குங்க."

"அது வரைக்கும் உக்காருங்க. யாரும் வெளிய போகக் கூடாது."

காலை 9.50.

முதலில் மெஷினைப் பார்த்தார். புதன்கிழமை ஆயுத பூஜை. அதனால் அறையில் இருந்த எல்லாக் கருவிகளின் நெற்றியிலும் சந்தனம் இருந்தது. இழுவைக் கருவி, ஒத்தடப் பெட்டி, எடை மெஷின் என்று ஒன்றும் தப்பவில்லை. கேம் மெஷினின் கறுப்பு முதுகிலும் காசு போல வட்டமாகச் சந்தனம், நட்டநடுவில் குங்குமம். மெஷின் ஓடும்போது கிரைண்டரில் அரிசி போட்ட மாதிரி ஒரு சத்தம்.

"இது எப்பவும் இப்படித்தான் கத்துமா?"

"இல்லையே. தூசி அடைச்சிருக்கும்" என்றார் உதவியாளர் பிரிட்டோ.

"தானா அழிஞ்சு போகுமா ரஞ்சனி?"

"போகாதுக்கா. செட்டிங்ஸ்ல போயி ரீசெட் குடுக்கணும். நிஜமாவே அழிக்கவான்னு அது திரும்பவும் கேட்கும். ஆமான்னு சொன்னாத்தான் அழியும்."

"வேற எங்கயும் நகல் இல்லையா?"

ரஞ்சனியின் கண் கலங்கியது. "ஆன்லைன்ல சேர்த்து வைக்கச் சந்தா கட்டணும். அப்புறம் பார்க்கலாம்னு விட்டுட்டேன். ஒரு பென் டிரைவ்ல காப்பி எடுத்து வச்சிருந்தாக்கூடப் போதும். அஞ்சு நிமிஷ வேலை. தப்பு என் மேலதான்."

"பூட்டாம விட்டது உன் தப்புன்னா, திருடினவனை என்ன சொல்றது? அழாதே, எனக்கு இன்னும் கோபம் வரும். சாவி யார் யார்கிட்ட இருக்கு?"

"என்கிட்ட, பிரிட்டோ அண்ணன்கிட்ட, ரிசப்ஷன் சரத்குமார்கிட்ட. நேத்து விஜயதசமி, லீவு. யாரும் வரலை."

"யாரோ வந்திருக்காங்க."

பிரிட்டோவை அழைத்தார்.

"சாயங்காலம் ஆனா இதுல நீ கால்பந்து ஆடுவியாமே?"

"ஆடுவேன் ஏட்டம்மா."

"மெஷின்ல இடம் பத்தலைன்னு அழிச்சியா?"

"ஐயோ! என் டீமும் சேர்ந்துல்ல போச்சு! நாலு வருஷமா வளர்த்த டீம். வீட்டுல சொன்னா பொண்டாட்டி மெழுகுவத்தி ஏத்திருவா, தொல்லை விட்டுச்சுன்னு."

"பூஜைக்கு இருந்தியா?"

"பின்னே? பொரி எனக்குத்தானே முதல்ல வரும். டாக்டரம்மா எல்லா மெஷினுக்கும் அவங்களே பொட்டு வச்சாங்க. இதுக்கு மட்டும் மருதை ஐயாவை வைக்கச் சொன்னாங்க. வலது கையாலதான் வைக்கணும்னு ஒரே பிடிவாதம். ஐயாவுக்கு மூணு விரலும் சேர்ந்து இழுத்துட்டுப் போயிருச்சு, இந்த ஓரத்துலேருந்து அந்த ஓரம் வரைக்கும். அவரு வெக்கப்பட்டாரு. நாங்க எல்லாரும் கை தட்டினோம்."

அடுத்து சரவணன். முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது.

"வாரத்துக்கு மூணு நாள் பஸ்ஸேறி வர்றது தலைவலின்னு நீங்க சொன்னதா கேள்விப்பட்டேன்."

"சொன்னேங்க. தலைவலிதான். அதுக்காக நான் அழிப்பனா? எங்கப்பா தன் கையால சோத்தைப் பிசைஞ்சு சாப்பிட்டதே இந்தக் கேம் வந்தப்புறந்தான். மாட்டுக்கெல்லாம் பேரு அடிச்சுக் குடுத்ததே நான். யாருன்னு மட்டும் சொல்லுங்க, நான் பேசிக்கிறேன்."

"பூஜை முடிஞ்சு உள்ள திரும்பிப் போனீங்களாமே?"

"அப்பா துண்டை விட்டுட்டாரு. எடுத்துட்டு வந்தேன். அதுக்கும் கேஸா?"

கடைசியாக வரவேற்பு மேசைக்காரன் சரத்குமார். இருபத்து நான்கு வயது, இஸ்திரி கலையாத சட்டை. கணினி, பிரிண்டர் எது படுத்தாலும் அவன்தான் எழுப்புவான்.

"வோல்டேஜ் ஏறி இறங்கியிருக்கும் மேடம். பழைய மெஷின். சில சமயம் இப்படி ஆகும்."

"பூஜையப்ப எங்க இருந்தே?"

"திருஷ்டிப் பூசணிக்காய் வாங்க அனுப்பினாங்க. சத்திரம் பஸ் ஸ்டாண்டுகிட்ட டிராபிக்ல மாட்டிக்கிட்டேன். வர்றதுக்குள்ள பூட்டிட்டுப் போயிட்டாங்க. காயை வீட்டுக்கு எடுத்துட்டுப் போயி அம்மா கூட்டு வச்சிட்டாங்க."

"திருஷ்டிப் பூசணிக்காயைத் தின்னுட்டியா? வெளங்கிரும். நேத்து?"

"வீட்டுலதான் இருந்தேன் மேடம். ஒண்ணு சொல்லட்டுமா? பெரியவருக்குப் பொழுது போகக் குடுத்த பொம்மை இது. இதுக்குப் போய் இவ்வளவு விசாரணையா?"

பொம்மை. அந்தச் சொல் வள்ளிக்கண்ணுவின் உச்சந்தலைவரை ஏறியது. ஆனால் அவர் கத்தவில்லை. மெஷினைக் கையில் எடுத்து, ஜன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார். காற்றுப் போகும் இடுக்குகளில் தூசி இருந்தது. வேறொன்றும் இல்லை.

காலை 10.40. எல்லோரையும் கூப்பிட்டார்.

"ஐயா, இதைப் பாருங்க. இந்தப் பொட்டு நீங்க வச்சதா?"

மருதை காலையிலிருந்து திரையை மட்டுமே பார்த்திருந்தார். இப்போதுதான் மெஷினைப் பார்த்தார்.

"இல்லியே. என் கைக்கு இவ்வளவு வட்டமா வருமா? நான் வச்சது ஏர் ஓட்டுன சால் மாதிரில்ல போச்சு."

ரஞ்சனி வாயைப் பொத்திக்கொண்டார்.

"இதை யாரும் ரீசெட் பண்ணலை" என்றார் வள்ளிக்கண்ணு. "இது நம்ம மெஷினே இல்லை. இதே மாதிரி வேற ஒண்ணு. விசிறி கெட்டுப் போன மெஷின், அதான் கத்துது. மாத்தி வச்சவன் தன் பேரு தெரியக் கூடாதுன்னு இதை முழுசா அழிச்சுட்டுக் கொண்டு வந்திருக்கான். நாம ரீசெட் ஆயிடுச்சுன்னு அழுதுக்கிட்டு இருக்கோம்."

"பொட்டு கலைஞ்சிருக்கும். யாராவது துடைச்சிட்டு மறுபடி வச்சிருப்பாங்க மேடம்" என்றான் சரத்குமார்.

"துடைச்சா இந்த இடுக்குக்குள்ள ஒரு துளியாவது சந்தனம் நிக்கும். இதுல தூசிதான் இருக்கு. அதோட, கலைஞ்ச பொட்டுன்னு உனக்கு எப்படித் தோணுச்சு? பூஜையில இருந்தவங்க எல்லாருக்கும் அந்தக் கோடுதான் பொட்டுன்னு தெரியும். ரஞ்சனிக்குத் தெரியும். பிரிட்டோவுக்குத் தெரியும். சரவணனுக்குத் தெரியும். இவங்க யாராவது மாத்தியிருந்தா அதே மாதிரி இழுத்து விட்டிருப்பாங்க. நேத்து சாவியோட வந்த ஒருத்தனுக்குத்தான் அது தெரியாது. பழைய மெஷின்ல ஓரத்துக்கு ஓரம் அப்பியிருந்ததைப் பார்த்தே. அக்கம்பக்கத்து மெஷினையும் பார்த்தே. ஒழுங்கா வட்டமா வச்சிட்டா சந்தேகம் வராதுன்னு நினைச்சே. அந்தக் கோணல் கோடு இந்த மனுஷன் ஆறு மாசம் பாடுபட்டு இழுத்ததுடா!"

மெஷின் கரகரவென்று ஓடிக்கொண்டிருந்தது.

"அடியில நம்பர் இருக்கு. ரஞ்சனி வீட்டுல பில் இருக்கும். ஒத்துப் பார்க்கணுமா?"

"வேணாம் மேடம்" என்றான் சரத்குமார். அவன் சட்டையில் முதல் சுருக்கம் விழுந்தது. "என்னுது கெட்டுப் போச்சு. சரி பண்ண முடியாதுன்னுட்டாங்க. இங்க சும்மா பட்டன் அமுக்கத்தானே, இது போதும்னு..."

சரவணன் பாய்ந்தான். பிரிட்டோ குறுக்கே விழுந்து பிடித்துக்கொண்டார்.

"எங்க இருக்கு?"

"வீட்டுல."

"வண்டியை எடு."

காவிரிப் பாலத்தில் அவன் ஓட்ட, வள்ளிக்கண்ணு பின்னால் உட்கார்ந்து போனார். ஆறு இரு கரையும் தொட்டுப் போய்க்கொண்டிருந்தது. வழக்கமாக அந்த இடத்தில் கன்னத்தில் போட்டுக்கொள்பவர், இன்று அவன் முதுகையே முறைத்தபடி போனார்.

ஸ்ரீரங்கத்து அடையவளஞ்சான் வீதியில் வீடு. அம்மா கோயிலுக்குப் போயிருந்தாள். டிவிக்குக் கீழே மெஷின் இருந்தது. துடைத்துச் சுத்தமாக வைத்திருந்தான். ஆனால் இடுக்குகளில், ஓரத்திலிருந்து ஓரம் வரை, மஞ்சளாகச் சந்தனம் உலர்ந்து நின்றது.

"போடு."

திரை எரிந்தது. எந்த மொழி வேண்டும் என்று கேட்டது.

வள்ளிக்கண்ணு அவன் பக்கம் திரும்பினார். "இதையும் அழிச்சிட்டியா?"

"நேத்து ராத்திரி. டாக்டரம்மா கணக்கு இருந்துச்சே, அதை எடுக்கணும்னு." அவன் பேன்ட் பையில் கையை விட்டான். நகத்தளவு பென் டிரைவ் ஒன்றை எடுத்து நீட்டினான். "அழிக்கறதுக்கு முன்னாடி ஒரு தடவை திறந்து பார்த்தேன் மேடம். கன்னுக்குட்டிக்கு என் பேரை வச்சிருக்காரு. முதல் நாள் எந்தப் பட்டன் எதுக்குன்னு நான்தான் சொல்லிக் குடுத்தேன், அதுக்காக. எனக்கு அழிக்க மனசு வரலை. காப்பி எடுத்து வச்சேன். பிரிட்டோ அண்ணன் டீமும் இதுல இருக்கு."

"எப்பலேருந்து இது உன் பையில இருக்கு?"

"காலையிலேருந்து. யாரும் பார்க்காதப்ப எங்கயாவது போட்டுடலாம்னு..."

"அந்த மனுஷன் எழுந்து போறேன்னாரே. அப்ப உன் பையில இருந்துச்சா?"

"இருந்துச்சு மேடம்."

வள்ளிக்கண்ணு கையை ஓங்கினார். தோள் பாதியிலேயே பூட்டிக்கொண்டது. வலியில் கண்ணில் நீர் வந்தது. அதுவும் பெருமாள் செயல்தான் போலும். அடித்திருந்தால் கணக்கு அத்தோடு தீர்ந்தது என்று அவன் நினைத்திருப்பான்.

"இரக்கப்பட்டு எடுத்து வச்சே, சரி. வச்சுக்கிட்டு வேடிக்கை பார்த்தியே! வாயிலே வச்ச சோத்தைத் தட்டிவிட்டவனைக்கூட மன்னிக்கலாம்டா. பசிக்கிறவன் முன்னாடி சோத்தை மூடி வச்சுக்கிட்டு நிக்கிறியே, உன்னை என்னன்னு சொல்றது?"

காலை 11.30. மீட்டு வந்த மெஷினில் ரஞ்சனி தன் பழைய கணக்கிலேயே நுழைந்தார். வேறு கணக்கென்றால் சேமித்த கோப்பு திறக்காது. பென் டிரைவைச் சொருகி, சேமித்ததை உள்ளே நகலெடுத்தார். திரையில் கோடு ஊர்ந்தது.

முதலில் கேணி வந்தது. பிறகு மக்காச்சோளம், மாடுகள், வேலியோரம் ஒரு கன்றுக்குட்டி.

மருதை திரைக்குப் பக்கத்தில் போய்ப் பார்த்தார். "ரெண்டு நாளா தண்ணி பாயலை" என்றார்.

"நிறுத்தி வச்சா அது காயாதுப்பா" என்றான் சரவணன்.

"ஐயா, புகார் எழுதிக் குடுங்க. இவனை ஸ்டேஷனுக்குக் கூட்டிட்டுப் போறேன்" என்றார் வள்ளிக்கண்ணு.

"வேணாம் ஏட்டம்மா. கேணியைத் தூர்த்துடலையே. மூடித்தான வச்சிருந்தாரு."

"நீங்க தாகத்தோட நிக்கறதைப் பார்த்துக்கிட்டே மூடி வச்சிருந்தான். எனக்கு ஆறலைங்க."

"எனக்கும்தான் ஆறலை. தம்பியை உள்ள போட்டா எனக்கு என்ன வெளைஞ்சிரப் போவுது?"

வள்ளிக்கண்ணு ரஞ்சனியைப் பார்த்தார். ரஞ்சனி சரத்குமாரிடம் கைநீட்டி நிலையத்துச் சாவியை வாங்கிக்கொண்டார். "இனிமே சாவி உனக்குக் கிடையாது. வேலை உண்டு. ஐயா வர்ற ஒவ்வொரு நாளும், அவர் விளையாடி முடிச்சதும் காப்பி எடுத்து அவர் கையில குடுக்கணும். இன்னைக்கே ஆரம்பி."

சரத்குமார் நகலெடுத்தான். பென் டிரைவை இரண்டு கையாலும் நீட்டினான். மன்னிப்பு மட்டும் கேட்கவில்லை.

மருதை வலது கையை நீட்டினார். விரல்கள் மூடுவதற்குள் பென் டிரைவ் நழுவித் தரையில் விழுந்தது. சரத்குமார் சட்டென்று குனிந்தான்.

"தொடாதே!" என்றார் வள்ளிக்கண்ணு.

அவன் நிமிர்ந்தான். சரவணன் பஸ்ஸுக்கு மணி பார்த்தான், பிறகு கடிகாரக் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டான். மருதை நாற்காலியைப் பிடித்துக் குனிந்து, மூன்று விரல்களையும் தரையில் மெல்ல மெல்ல நகர்த்தினார்.