கேட்காமல் வந்த பதிவேடு

"கேஸை மூடிட்டாங்களாம் மேடம். மூடுறதுக்கு அவங்க எப்போ தொறந்தாங்க?"

கல்மண்டபத்திலிருந்து வந்திருந்த கரோலின் போலீஸ் நோட்டீஸை மேசைமேல் போட்டுவிட்டு, உட்காராமல் நின்றாள். எர்ணாவூரில் கன்டெய்னர் பழுதுபார்க்கும் யார்டு ஒன்றில் வெல்டராக இருந்த அவள் கணவன் சாவியோ இறந்து ஆறு மாதம் ஆகிறது. பிற்பகல் மூன்று மணிக்கு, வேலை செய்துகொண்டிருந்தபோது, தன் கவனக்குறைவால் கன்டெய்னர் மேலிருந்து விழுந்தான். மேல் நடவடிக்கை கைவிடப்படுகிறது. நோட்டீஸில் அவ்வளவுதான்.

"முறையா விசாரிக்கச் சொல்லி கோர்ட்டுல மனு போடலாம்க்கா," என்றாள் இளம் வக்கீல் டெபோரா.

போட்டாள். பக்க எண் இல்லையென்று முதல் தடவை திரும்பி வந்தது. நகல் தெளிவாக இல்லையென்று இரண்டாம் தடவை. மூன்றாம் தடவை ஏற்றுக்கொண்ட மாஜிஸ்திரேட், "சந்தேகம் மட்டும் போதாது. விசாரணையில் என்ன குறை என்று காட்டுங்கள்," என்று ஒரு வாரம் தந்தார்.

டெபோரா கரோலினோடு ஆபீசுக்குத் திரும்பி, கேஸ் கட்டைக் குமாஸ்தா ஆறுமுகநயினார் முன்னால் எறிந்தாள். கோர்ட்டுக் காகிதங்களோடு முப்பத்தைந்து வருடம் கழித்தவர். தாள் தாளாகப் படித்தார். வெளியே துறைமுகத்துக்குப் போகும் லாரிகள் ஹாரன் அடித்து ஓய்ந்தன; மறுபடி அடித்தன. டெபோராவுக்கு அவர் கையிலிருந்து கட்டைப் பிடுங்கிவிடலாம் போலிருந்தது.

"மூணு மணிக்கு வுழுந்தவர ஆஸ்பத்திரில சேத்தது ஏழு இருபதுக்கு," என்றார் கடைசியில்.

"எண்ணூர் ரோட்டுல லாரி நெரிசல்னு எழுதியிருக்காங்க. நம்பாம என்ன பண்றது? போன வாரம் நானே அங்க மூணு மணி நேரம் நின்னேன்."

"அதான் மேடம். இந்த ஏரியால எவனும் சந்தேகப்பட மாட்டான்."

இன்னும் சில தாள்களைப் புரட்டினார். பிறகு பிரேதப் பரிசோதனை அறிக்கையில் விரலை வைத்தார். இடது மோதிர விரலில் மஞ்சள் உலோக மோதிரம். அதே விரலைச் சுற்றிப் பழைய தீக்காயத் தழும்பு.

"ஏம்மா கரோலின், மோதிரத்தப் போட்டுகினா வெல்டிங் பண்ணுவாரு?"

"ஐய, இன்னா நைனா! கல்யாணமான புதுசுல அது சூடாகி வெரலையே பொசுக்கிடுச்சு. அதுலேர்ந்து வேலைல எறங்கசொல்ல கழட்டி டிபன் பாக்ஸ்ல போட்டுரும். ஆறு மணிக்கு வேலை முடிஞ்சு, கைகால் கழுவிட்டுதான் மாட்டிக்கும். 'டூட்டில நான் பேச்சிலரு'ன்னு என்னையே கலாய்க்கும்." சிரித்துவிட்டவள், சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

டெபோரா எழுந்தேவிட்டாள். "அப்போ ஆறு மணிக்கு உயிரோட இருந்திருக்கார்! பின்ன எதுக்கு மூணு மணின்னு சொல்லணும்?"

ஆறுமுகநயினார் இன்னொரு தாளை நகர்த்தினார். யார்டு கேட் பதிவேட்டின் நகல். அங்கிருந்த ஒரே சுமைதூக்கும் வண்டியான ஃபோர்க்லிஃப்ட், அன்று பகல் பன்னிரண்டு மணிக்கு வாடகைக்கு வெளியே போய் ஐந்தரைக்குத் திரும்பியிருந்தது. சூப்பர்வைசர் திலீப் தன் வாக்குமூலத்தோடு சேர்த்துக் கொடுத்த நகல் அது.

"இது அவங்களுக்குச் சாதகமாச்சே. மெஷினே அப்போ அங்க இல்ல."

"மேலேர்ந்து வுழுந்து செத்தாருன்னு சொல்றாங்கோ. அதுக்கு மெஷின் இருந்தா இன்னா, இல்லாட்டி இன்னா? கேக்காத கேள்விக்கு பதில் குடுத்துகீறான் மேடம். அஞ்சரைக்குத் திரும்பி வந்த அந்த மெஷின்ல, ஆறு மணிக்கு மேல, சாவியோ மாட்டி செத்துகீறாரு. அது வெளில இருந்த நேரமாப் பாத்து, மூணு மணின்னு சாவு நேரத்த முன்னாடி தள்ளிட்டானுங்கோ."

கரோலின் அப்போதுதான் நாற்காலியில் உட்கார்ந்தாள்.

அடுத்த வாரம் கோர்ட்டில் மோதிரத்தையும் தழும்பையும் ஆஸ்பத்திரி நேரத்தையும் கேட் பதிவேட்டையும் டெபோரா ஒவ்வொன்றாக எடுத்துவைத்தாள். மாஜிஸ்திரேட், கேஸை மூடிய இன்ஸ்பெக்டர் பக்கம் திரும்பினார்.

"ஃபோர்க்லிஃப்ட் பதிவேட்டை நீங்க கேட்டு வாங்கினீங்களா?"

"கம்பெனில குடுத்தாங்க, ஐயா."

"எதுக்கு?"

இன்ஸ்பெக்டர் கட்டைப் புரட்டினார். கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்த திலீப் செல்போனைக் காதில் வைத்தபடி வெளியே நழுவினான்.

மேல்விசாரணைக்கு உத்தரவானது. உதவி ஆணையர் மேற்பார்வையிட வேண்டும். ஃபோர்க்லிஃப்டை அன்று மாலை ஓட்டியது யார் என்று நாற்பத்தைந்து நாளில் அறிக்கை வர வேண்டும்.

டெபோராவுக்குச் சந்தோஷம் வரவில்லை. எட்டு மாதத்தில் அந்த யார்டில் எதையெல்லாம் கழுவித் துடைத்திருப்பார்களோ. விசாரிக்கப்போவதும் அதே ஸ்டேஷன்தான்.

வராந்தாவில் இன்ஸ்பெக்டர் கரோலினை வழிமறித்தார். "இன்னாம்மா, மோதிர விஷயத்த மொதல்லயே எங்கிட்ட சொல்லியிருந்தா இவ்ளோ பேஜாரு ஆயிருக்குமா?"

"எட்டு மாசமா உங்க ஸ்டேஷன் வாசல்லதான சார் குந்திகினு இருந்தேன்? ஒருநாளு, ஒரு கேள்வி கேட்டீங்களா?"

அவர் நகரப் பார்த்தார். கரோலின் விடவில்லை, பெஞ்சில் உட்கார்ந்து பக்கத்து இடத்தைக் கையால் தட்டிக் காட்டினாள்.

"இப்ப கேளுங்க. நான் சொல்றத அப்படியே எழுதுங்க."