நாலாம் நம்பர் கதவு

மூணு வருஷம் முன்னாடி என் வீட்டுக்காரரை முழுங்கின கட்டடம் அது. அங்கேயே எனக்கு வேலை. முதல் நாள் படியேறும்போது வாயில வந்ததெல்லாம் திட்டுதான். ஆனா வயிறுன்னு ஒண்ணு இருக்கே.

வேலை வாங்கிக் கொடுத்தது அண்ணன். கூடப்பிறந்தவர் இல்லை, என் வீட்டுக்காரர் இங்க காவலரா இருந்தப்ப அவரோட கூட்டாளி. இப்ப அந்த ஆபீசுக்கே பெரிய அதிகாரி. வாரத்துல ரெண்டு நாள் எங்க வீட்டுல உக்காந்து சாப்பிட்ட மனுஷன்.

வாசல்ல 'காலக் காவல் துறை'ன்னு போர்டு. அனுமதி இல்லாம பழைய காலத்துக்குப் போய், நடந்ததை மாத்திட்டு வர்றவங்களைப் பிடிக்கிற வேலை. பேருதான் பெத்த பேரு. உள்ள ஒழுகுற கூரை, ஆடுற நாற்காலி, ஈரக் காகித வாடை.

கீழ்த்தளத்துல நீளமா ஒரு நடைவழி, ஏழு இரும்புக் கதவு. ஃபைலெல்லாம் பாத்துக்கிற அக்காதான் எனக்கு வேலை சொல்லிக் கொடுத்தாங்க.

"காவலர் இது வழியா அந்தக் காலத்துக்குப் போவார். கூட்டாளி வெளிய ஸ்டூல் போட்டு உக்காந்திருக்கணும். திரும்பி வந்தவர் மூணு தட்டு தட்டி, ஒரு தடவை இருமுவார். இந்தப் பக்கம் இருந்துதான் திறக்க முடியும்."

"யாரும் திறக்கலைன்னா?"

"அதுக்குத்தான் தாள் இருக்கே. போறவர் பேரு, எதிர்பார்க்கிறவர் கையெழுத்து. வீட்டு ஆள் எதிர்பார்க்கிற வரைக்கும் கதவைப் பூட்டக் கூடாது. வேண்டாம்னு அவங்களே எழுதிக் கொடுத்தாதான் பூட்டு."

நாலாம் நம்பர் கதவுல மட்டும் சங்கிலி, அரக்கு முத்திரை.

அக்கா அந்தக் கதவைப் பாக்காமயே தாண்டிப் போனாங்க.

சாயங்காலம் கூட ஆகலை. மணி மூணு பத்து. ஜன்னல்ல நல்ல வெயில். நடைவழியில மட்டும் திடீர்னு குளிர்.

டக். டக். டக்.

அப்புறம் ஒரு இருமல்.

தொண்டையில தூசி மாட்டுன மாதிரி, பாதியில நிறுத்துற இருமல். பதினொரு வருஷம் பக்கத்துல படுத்துக் கேட்டது எனக்குத் தெரியாதா?

"குழாய்ச் சத்தம்மா," அக்கா முணுமுணுத்தாங்க. "தினமும் இதே நேரம்."

"குழாய் இருமுமாக்கா?"

அவங்க அலமாரியைத் திறந்து ஒரு ஃபைலை என் மடியில வச்சுட்டு மாடிக்குப் போயிட்டாங்க. உள்ள ஒரே ஒரு தாள். 'இவரை இனி நான் எதிர்பார்க்கவில்லை.' கீழ என் கையெழுத்து.

அந்த நாள் கண்ணு முன்னாடி வந்துச்சு. அண்ணன் வீட்டுக்கு வந்தார், தலையைக் குனிஞ்சுக்கிட்டு. "என் வாயால எப்படிம்மா சொல்வேன்? போன காலத்துலயே ஒரு பொண்ணோட குடும்பம் நடத்துறான். கண்ணால பாத்தேன்." எனக்கு ரத்தம் கொதிச்சுது. அவர் நீட்டின தாள்ல என்ன எழுதியிருக்குன்னு கூடப் பாக்கலை. போய்த் தொலையட்டும்னு போட்டேன் கையெழுத்து.

சங்கிலியை ஸ்டூல் காலால நெம்பினேன். அரக்கு பொலபொலன்னு உதிர்ந்து, சங்கிலி கழண்டுச்சு. கதவை இழுத்துத் திறந்தேன்.

உள்ள இருட்டு. கிணத்துக்குள்ள எட்டிப் பாத்தா அடிக்குமே, அந்த மாதிரி ஈர வாடை. ஆள் இல்லை.

வாசப்படியில அவரோட டிபன் பாக்ஸ்.

தொட்டேன். சுட்டுச்சு.

மூணு வருஷம் முன்னாடி காலையில நான் அடைச்சுக் கொடுத்த சாப்பாடு, மூடியைத் திறந்தா ஆவி பறக்குது. அடித்தட்டுல எட்டா மடிச்ச காகிதம், அவர் கையெழுத்துல: 'என் கூட்டாளி அனுமதி இல்லாமல் இரண்டு முறை போய், தன் மேல் இருந்த பழைய விசாரணையை அழித்திருக்கிறார். சாட்சிகளைப் பார்த்துவிட்டேன். இன்று புகார் கொடுக்கிறேன்.'

பின்னாடி செருப்புச் சத்தம். அண்ணன்.

"யாரு கதவைத் திறக்கச் சொன்னது?"

"எங்க வீட்டுச் சோத்தைத் தின்னுட்டு எங்க வீட்டுக்கே ரெண்டகம் பண்ணியிருக்கீங்களே! அவர் மேல பழி போட வேற பொய்யே கிடைக்கலையா?"

"நீ கையெழுத்து போடாம நான் பூட்டியிருக்க முடியாதும்மா," அவர் குரல் கிசுகிசுத்துச்சு. "பூட்டின நாள் பூரா உன் பேரைச் சொல்லித்தான் தட்டினான். பூட்டினது யாருன்னு கேட்டான். சொல்லிட்டேன்."

பாவி. கொன்னதும் இல்லாம, கொன்னது நான்தான்னு அவர்கிட்டயே சொல்லியிருக்கான்.

"சாத்தும்மா. இவ்வளவு நாள் அந்தப் பக்கம் நின்னது ஆளா இருக்காது."

டக்.

திறந்து கிடந்த கதவுல.

டக். டக்.

இருமல் என் காதுக்குப் பக்கத்துல கேட்டுச்சு. அண்ணன் திரும்பிப் பாக்காம ஓடினார். அன்னிலேர்ந்து ஆபீசுக்கு வரலை, வீட்டுலயும் இல்லையாம். காகிதத்தை மேலிடத்துல கொடுத்தேன். "விசாரிக்கிறோம்"னாங்க.

இப்பல்லாம் நாலாம் நம்பர் வாசல்ல நான்தான் ஸ்டூல் போட்டு உக்காந்திருக்கேன். கதவை அகலத் திறந்தே வச்சிருக்கேன். மூணு பத்துக்குத் தட்டுறார்.

"தெரியாம போட்டுட்டேங்க. உள்ள வாங்க," தினமும் கெஞ்சுறேன்.

வரலை. தட்டுறதோட சரி.

நேத்து தட்டவும் இல்லை. மன்னிச்சுட்டார்னு நினைச்சேன். இன்னிக்குக் காலையில அழுதுக்கிட்டே ஃபைலை எடுத்து, அந்தப் பாழாப்போன தாளைக் கிழிக்கத் திறந்தேன்.

அது மேல புதுசா இன்னொரு தாள் இருந்துச்சு. நான் வச்சதில்லை. அக்காவும் வைக்கலையாம்.

தேதி, இன்னிக்கு. நேரம், மூணு பத்து.

போறவர்னு போட்ட இடத்துல என் பேரு.

எதிர்பார்க்கிறவர் இடத்துல அவர் கையெழுத்து. விரலால தடவினேன். மை இன்னும் காயலை.