நடுச்சுவர்

அலமாரிக் கதவு பாதியோடு நின்றுவிட்டது. நேற்றுவரை அகலத் திறந்த கதவு. மழைக்கு மரம் உப்பியிருக்கும் என்று டைப்பிஸ்டம்மா முதலில் நினைத்தாள். குனிந்து பார்த்தால், கதவின் விளிம்பு நடுச்சுவரில் முட்டிக்கொண்டு நின்றது.

அந்தச் சுவர் வழக்கின் மிச்சம். அப்பா எழுதிவைக்காமல் போன வீட்டுக்காக அவளும் தம்பியும் ஆளுக்கொரு வக்கீலைப் பிடித்து, தலை நரைக்கும்வரை கோர்ட்டுக்கு நடந்தார்கள். மூலப்பத்திரம் உன்னிடமா என்னிடமா என்பதிலேயே பேச்சு முறிந்து, பிறகு முகம் பார்ப்பதும் நின்றது. பாகம் பிரித்துத் தீர்ப்பு வந்தது; கூடத்தின் நடுவே செங்கல் ஏறியது. தம்பி தன் பாதியைப் பூட்டிக்கொண்டு வேறு ஊருக்குப் போய், அங்கேயே செத்தும் போனான். அவளுக்கு யாரும் சொல்லியனுப்பவில்லை. அவன் பங்கை மனைவி பேருக்கு மாற்றும் நோட்டீஸ் வந்த அன்றுதான் தெரிந்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு, அழ வேண்டுமா என்றுகூடத் தெரியாமல் வெகுநேரம் நின்றாள்.

அலமாரிக் கதவு முட்டிய அடுத்த வாரமே கட்டிலுக்கும் சுவருக்கும் இடையே ஒருக்களித்துத்தான் நடக்க முடிந்தது. அந்தப் பக்கத்திலிருந்து, கொத்தனாரின் கரண்டி ஈரக்கலவையை வழிக்கிற மாதிரி நிதானமான ஓர் உரசல், சமைக்கும்போதும் சாப்பிடும்போதும் விடாமல் கேட்டுக்கொண்டே இருந்தது. சிமெண்டு வாசனை சோற்றில்கூட ஏறியது. வீம்பை விட்டுத் தம்பி மனைவிக்குப் போன் செய்தாள்.

"அங்க ஆள் விட்டு வேலை செய்றியா?"

"நானா? பூட்டுன பூட்டு அப்படியே கெடக்கு அண்ணி. சாவி என்கிட்டதான் இருக்கு. இன்னுமா உங்களுக்குச் சண்டை தீரல?"

சர்வேயரை வரவழைத்தாள். அவர் பத்திர நகலை விரித்து, டேப்பை இழுத்துப் பிடித்து, இரண்டு தடவை அளந்தார்.

"பத்திரத்துல உள்ளபடி அச்சா இருக்கும்மா. ஒரு விரக்கடை கூடப் பிசகல."

"அப்ப அலமாரி ஏன் தொறக்கல?"

"சுவருக்குக் கால் முளைச்சிருக்கும்," என்று சிரித்துவிட்டு, கட்டிலுக்கும் சுவருக்கும் நடுவே ஒருக்களித்து வெளியே போனார். அவர் போன பிறகு தெருவில் குடைகள் நகர்ந்தன. ஒன்றும் அவள் வாசலில் நிற்கவில்லை.

அன்று மாலை மழை வலுத்துக் கரண்டு போனது. தலை கனக்க, விளக்கேற்றாமலே படுத்தாள். கூரையில் இரைந்த மழைக்கு அடியில், ஓட்டின் வழியே சொட்டிய நீருக்கு அடியில், தன் மூச்சுக்கும் அடியில், இன்னொரு மூச்சு சுவருக்குள் இழுத்து இழுத்து ஓடுவதைக் கேட்டாள். கையை நீட்டினாள். நீட்டவே தேவையிருக்கவில்லை. சுவர் கட்டிலை ஒட்டி நின்றது. ஈரமாக. வெதுவெதுப்பாக.

"அக்கா."

செங்கலுக்குள்ளிருந்து வந்தது. பெரிய ஆளின் குரல்தான். கெஞ்சல் மட்டும் சின்னப் பையனுடையது.

"கொஞ்சம் நகரேன்க்கா."

அப்பா வேலைக்குப் போன ராத்திரிகளில், இடிக்குப் பயந்து அவள் படுக்கையில் ஏறிக்கொண்டு இப்படித்தான் கேட்பான். அவளும் முனகிக்கொண்டே இடம் விடுவாள்.

"எடுத்துக்கோடா," என்றாள். "முழுசும் நீயே எடுத்துக்கோ. எங்க வேணும்னாலும் கையெழுத்துப் போடுறேன்."

சுவருக்குள் உரசல் நின்றது.

"வீடு வேணாங்க்கா. இங்க தனியா இருக்கு."

எழுந்து ஓட வேண்டும். கதவு கால்மாட்டிலேயே இருந்தது. கால் அசைந்தது. ஆனால் அவளை யாரும் அக்கா என்று கூப்பிட்டு எத்தனையோ காலம் ஆகியிருந்தது.

அவள் நகர்ந்தாள்.

கட்டிலின் சுவர்ப்பக்கம் தாழ்ந்தது. மெத்தை முனகியது. போர்வை தூக்கப்பட்டது. குளிர். சிமெண்டு வாசனை. இருட்டில் ஒரு கை துழாவி, அவள் கையைக் கண்டுபிடித்துக் கோத்துக்கொண்டது. விரலிடுக்கெல்லாம் ஈரமணல். இழுத்துப் பார்த்தாள். வரவில்லை.

அந்தப் பிடி மெல்ல மெல்லக் காய்ந்துகொண்டிருந்தது.