பிடிச்சுக்கோ

அவள் இன்னும் "அடி" என்று சொல்லவில்லை. அதற்குள் இன்ஜின் ஒரு சுற்று சுற்றிவிட்டது.

கையிலிருந்த பிளக் வயரின் நுனியிலிருந்து கிளம்பிய அதிர்ச்சி மணிக்கட்டைக் கவ்வி, முழங்கைக்குள் ஒரு சுண்டு சுண்டிவிட்டுப் போனது. வயரை உதறிவிட்டு, விரல்களை வாயில் வைத்துக்கொண்டு, தூக்கி நிறுத்தியிருந்த பானெட்டின் மறைவிலிருந்து கத்தினாள்.

"ஏண்டி, அறிவிருக்கா உனக்கு? நான் சொல்றதுக்கு முன்னாடி யாரு உன்னை செல்ஃப் அடிக்கச் சொன்னது?"

"நான் அடிக்கலைம்மா." டிரைவர் சீட்டிலிருந்து மகளின் குரல் வந்தது. "சாவியில கையே வைக்கலை. நீயே பாரு."

வளையல் போட்ட இரண்டு கைகளும் ஜன்னலுக்கு வெளியே நீண்டு, விரல்களை விரித்துக் காட்டின.

"பின்னே தானா சுத்துச்சா?"

"சுத்துச்சே. எனக்கே தூக்கிவாரிப் போட்டுது."

பழைய வண்டி, தேய்ந்த சாவித் துளை, உள்ளே ஏதாவது ஒட்டிக்கொண்டிருக்கும் என்று அவள் தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். வேறு என்ன சொல்லிக்கொள்வது? ஆனால் வாயில் வைத்த விரலை எடுக்க மறந்து, கொஞ்ச நேரம் அப்படியே நின்றாள். சொல்வதற்கு முன்னால் சாவியைத் திருப்புவது ஒருத்தனுடைய வேலை. அவன் போய்ச் சேர்ந்து வருஷமாகிவிட்டது.

ஊரே அவனை 'ஷாக்கு' என்றுதான் கூப்பிடும். ஓடுகிற இன்ஜினில் வெறுங்கையால் வயரைத் தடவிப் பார்த்து, எது கசிகிறது என்று சொல்லிவிடுவான், அப்பேர்ப்பட்ட மெக்கானிக். கட்டின மனைவியும் பக்கத்தில் நின்று வேலை கற்றுக்கொண்டதில் அவனுக்குப் பெருமையா எரிச்சலா என்று கடைசிவரை அவளுக்குப் புரியவில்லை. பொறி வருகிறதா என்று பார்க்க வயரை அவள் கையில் கொடுப்பான். "பிடிச்சுக்கோ, விடாதே," என்பான். அவள் சரியாகப் பிடித்து, உலோகத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோய், "அடி" என்று சொல்வதற்குள் சாவி திரும்பியிருக்கும். அவள் துள்ளுவாள். ஒர்க்‌ஷாப்பே சிரிக்கும். "விளையாட்டுக்குத்தானே, இதுக்குப் போயி மூஞ்சியத் தூக்கிக்கிறியே," என்று அவன் தொடையைத் தட்டிக்கொண்டு சிரிப்பான். ராத்திரி சாப்பிடும்போது நினைத்து நினைத்து இன்னொரு தடவை சிரிப்பான். அவள் ஆள்காட்டி விரல் நுனியில் கறுத்துப்போன ஒரு புள்ளி இன்றைக்கும் இருக்கிறது, அந்த விளையாட்டின் சீதனம்.

அந்த விளையாட்டுக்காரன் இதே ஷெட்டில், இதே வண்டியில்தான் செத்தான். பிளக் வயரில் மின்சாரம் கசிந்தால் வெளிச்சத்தில் தெரியாது. இருட்டாக்கிவிட்டு, வயர்மேல் தண்ணீரைத் தூவி, இன்ஜினை ஓடவிட்டால் கசிகிற இடத்தில் நீலமாகப் பொறி ஓடும். அதற்காக ஷட்டரை இழுத்து மூடினான். சைலன்சரின் புகையைப் பின்சுவர் ஓட்டை வழியாக வெளியே கொண்டுபோகும் ரப்பர் குழாய் கழன்று உள்ளேயே விழுந்திருந்ததை அவன் கவனிக்கவில்லை. ஷட்டரை உடைத்துத் திறந்தபோது ஒரு கை சாவியில் இருந்தது. "தூங்குற மாதிரியே இருக்கானே," என்று வந்தவர்கள் எல்லாம் அழுதார்கள். அவளுக்கு அழுகை வரவில்லை. உதட்டில் இருந்தது தூக்கம் இல்லை. சாவியை முன்கூட்டியே திருப்பிவிட்டு, அவள் துள்ளுவதற்காகக் காத்திருக்கும்போது வருகிற சிரிப்பு அது. அவளுக்கு மட்டும் அது தெரியும்.

அதற்கப்புறம் தாய்க்கும் மகளுக்கும் அவன் அண்ணன் வீட்டில் வாசம். பெரியவர் என்று எல்லோரும் மரியாதையாகச் சொல்வார்கள். அந்த மரியாதையை அவருடைய வீட்டுப் பாத்திரங்களைத் தேய்த்துப் பார்த்தால்தான் தெரியும். சோறு போடுகிறேன் என்று நாளுக்கு நான்கு தடவை சொல்லிக் காட்டுவார். இப்போது மகளுக்குத் தன் கூட்டாளியின் தம்பியைப் பேசி முடித்திருக்கிறார். அவனுக்கு முதல் மனைவி ஓடிப்போனதை மட்டும் சொல்லவில்லை. வண்டியை வெட்டி எடுக்க நாளைக்கு இரும்புக் கடைக்காரன் வருகிறான். இன்றைக்குப் பெரியவர் வெளியூர்க் கல்யாணத்துக்குப் போயிருக்கிறார், இருட்டுவதற்குள் திரும்பிவிடுவார். பஸ் ஏறலாம் என்றால் பஸ் நிலையத்தில் பாதிப் பேர் அவருக்குக் கைகட்டி நிற்கிறவர்கள். தோழி ஒருத்தி தூரத்து ஊரில் ஒர்க்‌ஷாப் வைத்திருக்கிறாள், வேலையும் தங்க ஓர் அறையும் தருவதாகச் சொல்லியிருக்கிறாள். இந்த வண்டி இன்று மதியம் கிளம்பினால் தாயும் மகளும் பிழைத்தார்கள். கிளம்பாவிட்டால் அவ்வளவுதான், அந்த வீட்டிலேயே கிடந்து சாக வேண்டியதுதான்.

"நீ போயி பைகளை எடுத்துட்டு வந்துடு," என்றாள் மகளிடம். "பெரியம்மா தூங்குறாங்களான்னு பாத்துட்டு பின்பக்கமா வா. போகும்போது ஷட்டரை இறக்கிடு, இருட்டு வேணும். ஆனா முழுசா இல்லை. ஒரு சாண் விட்டு இறக்கு, காத்து வரணும்."

"தனியா இருப்பியாம்மா?"

"இத்தனை வருஷமும் கூட்டமாவா இருந்தேன்? போடி."

மகள் சிரித்துக்கொண்டே குனிந்து வெளியேறினாள். ஷட்டர் கரகரவென்று இறங்கி, தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில் நின்றது. அந்த இடுக்கு வழியாக மதிய வெயில் நீளமான வெள்ளைக் கோடாகத் தரையில் விழுந்தது.

அவள் முதலில் குழாயைப் போய்ப் பார்த்தாள். சுவர் ஓட்டையில் கம்பியால் இறுக்கிக் கட்டியிருந்ததை ஒருமுறை இழுத்துப் பார்த்தாள், அசையவில்லை. பிறகு டார்ச்சைப் பல்லில் கடித்துக்கொண்டு வயர்களைப் பொருத்தினாள். மின்சாரம் தரும் காயிலிலிருந்து, அதைப் பிரித்து அனுப்பும் டிஸ்ட்ரிபியூட்டர் மூடியின் நடுவுக்கு ஒன்று. அந்த மூடியைச் சுற்றி நான்கு. ஒவ்வொன்றும் அதனதன் பிளக்குக்கு. ஒன்று, மூன்று, நான்கு, இரண்டு என்ற வரிசையில்தான் பொறி போகும், ஒன்று மாறினாலும் இன்ஜின் இருமும், வெடிக்கும், ஓடாது. ஒவ்வொரு ரப்பர் தொப்பியையும் 'டிக்' என்று சத்தம் வரும்வரை அழுத்தினாள். பழைய எண்ணெயும் சூடுபட்ட ரப்பரும் ஈரச் சுவரும் கலந்த வாசனை மூக்கில் ஏறியது; அதற்கடியில், ரொம்ப லேசாக, கிராம்பு. அவன் குடித்ததை மறைக்க எந்நேரமும் மென்றுகொண்டிருப்பானே, அந்தக் கிராம்பு. சீட்டு உறையில் ஊறிப்போயிருக்கும் என்று நினைத்துக்கொண்டாள்.

காரின் கதவு கீச்சிட்டுத் திறந்தது. சீட்டின் ஸ்பிரிங்குகள் முனகி அமுங்கின. கதவு சாத்திக்கொண்டது.

"அதுக்குள்ள வந்துட்டியா? பெரியம்மா பாக்கலையே?"

"ம்."

"சரி, நான் சொன்னப்புறம் அடி. இந்தத் தடவை நிஜமாவே சொன்னப்புறம்."

"ம்."

டார்ச்சை அணைத்தாள். தண்ணீர்ப் புட்டியால் வயர்கள்மேல் தூவினாள். "அடி," என்றாள். சாவி சரியாகத் திரும்பியது. இன்ஜின் இருமியது, குலுங்கியது, கார்புரேட்டர் வழியாகப் பட்டென்று வெடித்தது.

"நிறுத்து, நிறுத்து!"

டார்ச் வெளிச்சத்தில் பார்த்தாள். இரண்டும் மூன்றும் மாறியிருந்தன. தன் கையால், தன் கண்ணால் பார்த்து மாட்டியவை. வயர்களை ராத்திரியில் மாற்றி வைத்துவிட்டு, காலையில் அவள் திண்டாடுவதை டீ குடித்துக்கொண்டே வேடிக்கை பார்ப்பானே, அவன் மாற்றுவதும் இதே இரண்டுதான். பதற்றத்தில் நானேதான் மாற்றியிருப்பேன் என்று வாய்விட்டுச் சொன்னாள். வரிசைப்படி திரும்ப மாட்டினாள்.

பயத்தை மறைக்கப் பேச்சுக் கொடுத்தாள். பேச ஆரம்பித்ததும் வேறு எதுவோ வந்தது.

"உங்கிட்ட இதை நான் சொன்னதே இல்லை. உங்கப்பா செத்தப்ப நான் அழலைன்னு எல்லாரும் பேசினாங்க இல்லே, நிஜம்தான். அழலை. அப்பாடான்னு இருந்துச்சு. கையில ஷாக் வாங்கியே காலம் போச்சு எனக்கு. நம்மளை இந்த நாய்ப் பொழைப்புக்கு விட்டுட்டுப் போன மனுஷன். வண்டி மட்டும் கிளம்பட்டும், அந்த மூஞ்சியை நெனச்சுக்கூடப் பாக்க மாட்டேன்."

ஸ்பிரிங் ஒன்று மெல்ல முனகியது.

"கோவமா? அப்பாவைச் சொன்னா உனக்குக் கோவம் வந்துடுமே."

"ம்."

அவள் மூன்றாம் வயரைத் தொட்டுச் சரி செய்தாள். அப்போதுதான் தரையைப் பார்த்தாள். வெள்ளைக் கோடு இல்லை.

"ஷட்டரை முழுசா இறக்கிட்டியா? ஒரு சாண் விடச் சொன்னேனே!"

"ம்."

கை இன்னும் வயரில்தான் இருந்தது. வாய் திறக்கவில்லை. "அடி" என்று சொல்லவில்லை.

சாவி திரும்பியது.

அதிர்ச்சி தோள்வரை போனது. டார்ச் கீழே விழுந்து உருண்டு அணைந்தது. இன்ஜின் பிடித்துக்கொண்டது, ஓடியது. இருட்டில் மூன்றாம் வயரின் முதுகில் நீலமாக ஒரு பூச்சி ஓடி மறைந்தது. மறுபடி ஓடியது. மறுபடி.

"விளையாடாதேடி!" என்று அலறினாள். "அப்பனுக்கு ஏத்த பொண்ணு!"

ஷட்டரில் யாரோ தட்டினார்கள்.

"அம்மா!" வெளியிலிருந்து குரல் வந்தது. "அம்மா, ஏன் முழுசா மூடிட்டே? பைகளைத் தூக்கிட்டு எவ்வளவு நேரமா நிக்கிறேன்! திறம்மா!"

அவள் அசையவில்லை. மகள் வெளியே.

மகள் வெளியே இருக்கிறாள்.

பானெட் முன்னால் சுவர் மாதிரி நின்றது. அதற்கு அந்தப் பக்கம் சீட். கிராம்பு வாசனை இப்போது லேசாக இல்லை. யாரோ முகத்துக்கு நேரே மூச்சு விடுவது போல் வந்தது. கணுக்காலில் வெதுவெதுப்பாக ஏதோ பட்டது. குனிந்து தடவினாள். ரப்பர். குழாயின் வாய். அவள் காலடியில் கிடந்து புகையை ஊதிக்கொண்டிருந்தது.

நிறுத்த வேண்டும். முதலில் இதை நிறுத்த வேண்டும். காயிலிலிருந்து வரும் வயரைத் தடவிப் பிடித்துப் பிடுங்கினாள். அது இல்லாமல் எந்த இன்ஜினும் ஓடாது.

ஓடியது.

ஒன்றைப் பிடுங்கினாள். மூன்றை. நான்கை. இரண்டை. தலை கனத்தது. நான்கு வயர்களின் நுனிகளும் அவள் கைக்குள். பிளக்குகள் மொட்டையாக நின்றன. இன்ஜின் ஓடியது. ஒரு இருமல் இல்லை, ஒரு குலுக்கல் இல்லை. இத்தனை வருஷத்தில் அது இவ்வளவு அழகாக ஓடி அவள் கேட்டதே இல்லை.

"அம்மா!" வெளியே மகள் சந்தோஷத்தில் கத்தினாள். "ஓடுதும்மா! சூப்பரா ஓடுது! திற, சீக்கிரம் கிளம்பிடலாம்!"

ஓடிப் போய் ஷட்டரைத் திறக்க வேண்டும். கையிலிருப்பதைப் போட்டுவிட்டு ஓடினால் போதும். விரல்கள் விரியவில்லை. கைக்குள் நீலம் வெட்டியது. ஒன்று. மூன்று. நான்கு. இரண்டு. ஒவ்வொரு வெட்டுக்கும் உடம்பு துள்ளியது. மகளைக் கூப்பிட வாய் திறந்தாள். பல் கிட்டித்துக்கொண்டது. பானெட்டுக்கும் கண்ணாடிக்கும் நடுவிலிருந்த இடுக்கில் டிரைவர் சீட் தெரிந்தது.

சீட் காலியாக இருந்தது.

கதவு கீச்சிட்டுத் திறந்தபடி ஆடிக்கொண்டிருந்தது.

ஒன்று. மூன்று. அடுத்த நீல வெட்டில் தன் கையைப் பார்த்தாள். அதன்மேல் இன்னொரு கை இருந்தது. எண்ணெய் ஏறிய நகங்கள். அவளுடைய விரல்களை ஒவ்வொன்றாக, பொறுமையாக, வயர்களைச் சுற்றி மடக்கிக்கொண்டிருந்தது.

"அம்மா, கேக்குதா? திறம்மா!"

"பிடிச்சுக்கோ," என்றது காதோரம், சிரிப்பை அடக்கிக்கொண்டு. "விடாதே."